இலை அசையாத நாள்

ஃபுன்ஷால்,
மதெய்ரா தீவு,
12 செப்டம்பர் 1993

அன்புத் தம்பி ஃபிர்மீனோவுக்கு,

அக்கா லுடோவினா எழுதுவது. மாதாவின் தயவில் இங்கே எல்லோரும் சுகம். அங்கே ஜெர்சித் தீவில் நீயும் செலஸ்தும் குழந்தையும் அதே சுகத்தோடு இருக்க வேண்டும். உன் முதுகுவலி எப்படி இருக்கிறது? அந்த ஓட்டல் சமையலறையில் உருளைக்கிழங்கு மூட்டை தூக்குவதை இப்போதாவது விட்டாயா?

எனக்கு வேலை கிடைத்துவிட்டது, சிரிக்காதே. சுற்றுலா வேனில் வழிகாட்டி. வாயை மூடச் சொல்லி அம்மா கரண்டியோடு துரத்துவாளே, அந்த வாய்க்கு இப்போது சம்பளம் தருகிறார்கள். காலையில் ஓட்டல் ஓட்டலாகப் போய் ஜெர்மன்காரர்களையும் இங்கிலீஷ்காரர்களையும் ஏற்றிக்கொண்டு, தீவை ஒரு சுற்றுச் சுற்றிக் காட்டி, சாயங்காலம் கொண்டுபோய் விட வேண்டும். வேன் ஓட்டுபவன் அபீலியோ. மலை வளைவில் ஒரு கையால் ஓட்டுவான், மறு கையால் சாண்ட்விச் சாப்பிடுவான். நான் ஜெபமாலையும் கையுமாகத்தான் போகிறேன்.

முதல் நிறுத்தம் எது தெரியுமா? செர்ராடோ முனை. நம் தலைக்கு மேலே நின்றதே, அதே பாறை. அங்கிருந்து கீழே பார்த்தால் நம் குர்ரால் கிராமம் முழுவதும் கிண்ணத்தின் அடியில் கிடக்கிற மாதிரி தெரிகிறது. சுற்றிலும் மலைச் சுவர், நடுவில் கோயில், அதற்குப் பக்கத்தில் நம் வீடு. இதைப் பார்க்க எங்கெங்கிருந்தோ வந்து, கம்பியைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்க்கிறார்கள்.

அப்பாவிடம் சொல்லி வைத்தேன், வேன் வருகிற நாளில் காலையில் மேலே நிற்பேன் என்று.  மறுநாள் பார்த்தால் மொட்டைமாடிக் கொடியில் வெள்ளை விரிப்பு ஒன்று தொங்குகிறது. நாம் செஸ்ட்நட் கொட்டை பொறுக்க மலை ஏறிய நாட்களில், சாப்பாடு தயார் என்று சொல்ல அம்மா தொங்கவிடுவாளே, அதே கொடியில். தான் நலம் என்று எனக்குச் சொல்கிறாராம். ‘அந்த வெள்ளைப் புள்ளிதான் எங்கள் அப்பா’ என்று பயணிகளிடம் சொன்னேன். எல்லோரும் படம் எடுத்துக்கொண்டார்கள்.

அப்பா நலமாக இருக்கிறார். நீ கேட்கமாட்டாய் என்று தெரியும். நானாக எழுதுகிறேன்.

குழந்தைக்கு என் முத்தம்.
உன் அக்கா,
லுடோவினா


ஜெர்சி,
10 அக்டோபர் 1993

அன்புள்ள அக்காவுக்கு,

உன் கடிதம் கண்டேன். நாங்கள் மூவரும் நலம். முதுகுவலி அப்படியேதான் இருக்கிறது, மூட்டையும் அப்படியேதான் இருக்கிறது.

உன் வேலை உனக்காகவே செய்து வைத்த வேலை. அந்த ஜெர்மன்காரர்களை நினைத்தால்தான் பாவமாக இருக்கிறது. மலையில் இப்போது மழை ஆரம்பித்துவிட்டதா? வாய்க்கால் ஓரத்தில் அந்த நீலப் பூ இன்னும் பூக்கிறதா? செர்ராடோ முனையிலிருந்து நம் கொட்டகை தெரியுமா, கொடிமுந்திரிப் பந்தல் தெரியுமா? பந்தலுக்குக் கீழே நாற்காலி போட்டிருக்கிறதா? அதையெல்லாம் அடுத்த முறை எழுது.

விரிப்பைப் பற்றிப் படித்ததும் செலஸ்திடம் சொன்னேன். ஒன்று தொங்கினால் சாப்பாடு. இரண்டு தொங்கினால் கையில் இருப்பதை அப்படியே போட்டுவிட்டு ஓடி வர வேண்டும். பசு பள்ளத்தில் விழுந்தபோது அம்மா இரண்டு தொங்கவிட்டாள், நினைவிருக்கிறதா? நீ செருப்பை மலையிலேயே விட்டுவிட்டு வந்து அடி வாங்கினாய்.

குட்டி பேச ஆரம்பித்துவிட்டாள். பாதி இங்கிலீஷ், பாதி நம் பாஷை.

உடம்பைப் பார்த்துக்கொள்.
தம்பி,
ஃபிர்மீனோ


ஃபுன்ஷால்,
7 நவம்பர் 1993

அன்புத் தம்பிக்கு,

எல்லோரும் சுகம். உங்கள் சுகத்தையும் குழந்தையின் பேச்சையும் படித்து மகிழ்ந்தேன்.

நீலப் பூ பூக்கிறது. கொட்டகை தெரிகிறது. பந்தலுக்குக் கீழே நாற்காலியும் இருக்கிறது. அந்த நாற்காலியில் உட்காருகிறவரைப் பற்றி மட்டும் நீ கேட்கவில்லை. பூவைக் கேட்கிறாய், மழையைக் கேட்கிறாய். நீ கெட்டிக்காரன்தான், ஆனால் நான் உன் அக்கா.

அவரும் உன்னைப் போலத்தான். செஸ்ட்நட் திருவிழாவுக்கு வீட்டுக்குப் போயிருந்தேன். சூப்பைக் குடித்துக்கொண்டே, “அந்த வடக்குத் தீவுல ரொம்பக் குளிராமே, பனி கொட்டோ கொட்டுன்னு கொட்டுமாமே” என்றார். யார் அங்கே இருக்கிறார்கள் என்று சொல்லவில்லை. “பனியெல்லாம் அங்க அதிகம் இல்லப்பா, ஈரக்குளிர்தான்” என்றேன். “கம்பளிச் சட்டை போட்டாப் போதுமா?” என்றார். “போதும்பா” என்றேன். அப்புறம் பசுவைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிட்டார்.

ஃபிர்மீனோ, அம்மா போய் ஐந்தாவது பிப்ரவரி வரப்போகிறது. அடக்கத்துக்கு நீ வரவில்லை. நீ கிளம்பவே இல்லை என்கிறார் அப்பா. விமானம் இறங்கவில்லை என்று பொய் சொன்னாய் என்கிறார். அன்றிலிருந்து உன் பெயரை அவர் வாயில் நான் கேட்கவில்லை. நான் உன்னிடம் ஒருமுறைகூடக் கேட்டதில்லை. இப்போது கேட்கிறேன். என்ன நடந்தது?

கோபித்துக்கொள்ளாதே.
லுடோவினா


ஃபுன்ஷால்,
19 டிசம்பர் 1993

அன்புத் தம்பிக்கு,

நலம். நலமாக இருப்பாய் என்று நம்புகிறேன்.

பதில் இல்லை. சரி. பூண்டும் வினிகரும் போட்டு இறைச்சி ஊற வைத்திருக்கிறேன், வீடு முழுக்கக் கிறிஸ்துமஸ் வாசனை. அப்பாவும் இங்கே வருகிறார். குழந்தைக்கு ஒரு கம்பளித் தொப்பி பின்னி அனுப்புகிறேன். தலை அளவு தெரியாமல் பின்னியது, பெரிதாக இருந்தால் அடுத்த வருஷத்துக்கு வைத்துக்கொள்.

கேட்டதை மறந்துவிடு. எழுதுவதை மட்டும் நிறுத்திவிடாதே.

அக்கா


ஜெர்சி,
16 ஜனவரி 1994

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கே மூவரும் நலம். தொப்பி சரியாக இருக்கிறது. தூங்கும்போதும் கழற்ற விடமாட்டேன் என்கிறாள்.

நீ கேட்டதற்கு நாலைந்து முறை எழுதிக் கிழித்துப் போட்டேன். இதையும் கிழிப்பதற்குள் தபாலில் போட்டுவிடுகிறேன்.

நான் கிளம்பினேன் அக்கா. லிஸ்பன் போய், அங்கிருந்து விமானம் பிடித்தேன். நம் தீவு தெரிந்தது. சாந்தா குரூஸ் ஓடுதளம் தெரிந்தது. கூரைகள் அவ்வளவு பக்கத்தில் வந்தன, ஒரு பொம்பளை மாடியில் துணி எடுத்துக்கொண்டிருந்தாள், அவளுடைய ஏப்ரனின் நிறம்கூட எனக்குத் தெரிந்தது. அப்போது காற்று விமானத்தைப் பக்கவாட்டில் தள்ளியது. மேலே தூக்கிவிட்டார்கள். சுற்றி வந்து மறுபடி இறங்கினார்கள், மறுபடி தூக்கினார்கள். என் பக்கத்தில் இருந்தவர் சத்தமாக ஜெபம் சொன்னார். கடைசியில் பக்கத்துத் தீவான போர்த்தோ சாந்தோவில் கொண்டுபோய் இறக்கினார்கள்.

கடல் கொந்தளிப்பு, படகு இல்லை என்றார்கள். அந்தத் தீவின் மணலில் உட்கார்ந்து பார்த்தால் எதிரே நம் மலை தெரிகிறது. அந்த மலைக்குப் பின்னால் அம்மாவை எடுத்துக்கொண்டு போகிறார்கள் என்று தெரியும். நான் அங்கே உட்கார்ந்திருந்தேன்.

சாயங்காலம் ஊரில் ஃபோன் இருக்கிற பென்விண்டாவின் கடைக்குப் போட்டேன். அப்பா வந்து எடுத்தார். காற்று, இறங்க முடியவில்லை என்றேன். “காத்தா? இங்க ஒரு இலை ஆடலைடா. பெத்தவளைப் புதைக்கிற அன்னிக்குமா பொய்யி. இனிமே வரவேண்டாம்” என்றார். வைத்துவிட்டார். மறுநாள் திரும்பிவிட்டேன்.

இதற்கு மேல் எனக்கு எழுத வரவில்லை.

ஃபிர்மீனோ


ஃபுன்ஷால்,
6 பிப்ரவரி 1994

என் அன்புத் தம்பிக்கு,

சுகம் விசாரிக்கிற நிலையில் நான் இல்லை, மன்னித்துக்கொள். உன் கடிதத்தை வேனுக்காகக் காத்திருந்த இடத்தில் படித்தேன். அபீலியோ வந்து, “என்ன அக்கா, யாரு செத்தாங்க?” என்று கேட்டான். “அஞ்சு வருஷத்துக்கு முன்னாடி செத்தவங்க” என்றேன்.

அன்று குர்ராலில் ஒரு இலை ஆடவில்லை என்பது உண்மை. கல்லறையில் நானும்தான் நின்றேன். மெழுகுவர்த்திச் சுடர் கோடு போட்ட மாதிரி நேராக நின்றது. அதனால்தான் ஊரே அப்பா சொன்னதை நம்பியது. மலைச் சுவருக்குள் பிறந்து, மலைச் சுவருக்குள் வளர்ந்தவர்கள் நாம். நம் தலைக்கு மேல் காற்று இல்லையென்றால் உலகத்தில் எங்கேயும் காற்று இல்லை என்று நினைக்கிற ஆட்கள்.

இதில் வேடிக்கை என்ன தெரியுமா? வேனில் ஏறியதும் நான் ஒப்பிக்கிற முதல் வாக்கியமே இதுதான்: ‘எங்கள் தீவில் ஒரே நாளில் நான்கு வானிலை. ஒரு ஊரில் வெயில், அடுத்த ஊரில் மழை, மூன்றாவது ஊரில் மூடுபனி, கிழக்கே காற்று.’ இதை இங்கிலீஷிலும் ஜெர்மனிலும் கிளிப்பிள்ளை மாதிரி சொல்கிறேன். நம் வீட்டுக்கு யாரும் இதைச் சொல்லவில்லை.

அப்பாவிடம் இப்போதே போய்ப் பேசட்டுமா?

அக்கா


ஜெர்சி,
27 பிப்ரவரி 1994

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். நீ அழாமல் இருந்தால் இன்னும் நலம்.

பேச வேண்டாம். எனக்காக நீ ஒரு வார்த்தை பேசினாலும், ‘அக்காவைத் தூது விடுறான்’ என்பார். உன்னையும் நம்பாமல் போய்விட்டால் அங்கே அவருக்கு யார் இருக்கிறார்கள்? என் பெயரை எடுக்காதே. சத்தியம் செய்து எழுது.

தம்பி


ஃபுன்ஷால்,
13 மார்ச் 1994

அன்புத் தம்பிக்கு,

சத்தியம். உன் பெயரை எடுக்கமாட்டேன்.

இங்கே சுகம். கிழக்கே இந்த வாரம் காற்று அவ்வளவாக இல்லை. தினமும் காலையில் ரேடியோவில் வானிலை கேட்டுக்கொண்டுதான் கிளம்புகிறேன்.

அக்கா


ஃபுன்ஷால்,
17 ஏப்ரல் 1994

அன்புத் தம்பிக்கு,

நாங்கள் சுகம், அப்பாவும் சுகம். இந்தக் கடிதத்தை உட்கார்ந்து படி.

போன வியாழக்கிழமை வேனில் ஒரு இடம் காலி. ஒரு ஜெர்மன்காரருக்கு வயிறு சரியில்லை. முந்தின நாளே பென்விண்டாவின் கடைக்கு ஃபோன் போட்டு அப்பாவைக் கூப்பிட்டேன். “ஒரு இடம் வீணாப் போகுது, நீங்க வாங்கப்பா” என்றேன். வீணாகப் போகிறது என்றால் அவருக்குத் தாங்காது. காலையில் பஸ் ஏறி செர்ராடோ முனைக்கு வந்துவிட்டார். கோயிலுக்குப் போடுகிற கறுப்புக் கோட்டு, தொப்பி, பளபளவென்று பாலிஷ் போட்ட பூட்ஸ்.

அபீலியோ சும்மா இருப்பானா? “பெரியவரே, டிக்கெட் எடுத்தீங்களா?” என்றான்.

“நீங்க காட்டிப் பொழைக்கிறது எங்க ஊரை. நீதான் எனக்கு டிக்கெட் எடுக்கணும்” என்றார் அப்பா. 

கம்பி ஓரம் போய்க் கீழே பார்த்தார். “நம்ம வீடு இவ்வளவு சின்னதா?” என்றார். கொடியில் விரிப்பு தொங்கியது. “நீங்கதான் இங்க வர்றீங்களே, அப்புறம் எதுக்குப்பா அதைத் தொங்கவிட்டீங்க?” என்று கேட்டேன். “நீ பார்ப்பியேன்னுதான்” என்றார். எனக்குச் சிரிப்பும் வந்தது, கண்ணும் கலங்கியது. பள்ளத்தாக்கில் அன்றும் ஒரு இலை ஆடவில்லை. விரிப்பு இஸ்திரி போட்ட மாதிரி நேராகத் தொங்கியது.

அங்கிருந்து அரியேரோ சிகரம். ஒரே மூடுபனி. “இதுதான் நீ காட்டுற காட்சியா? என் மூக்கு நுனியே எனக்குத் தெரியல” என்றார். பக்கத்தில் உட்கார்ந்த இங்கிலீஷ்காரப் பாட்டியம்மா அவருக்கு ஒரு பிஸ்கட் கொடுத்தாள். இவர் கோட்டுப் பையிலிருந்து காய்ந்த செஸ்ட்நட்டை எடுத்துக் கொடுத்தார். அந்த அம்மாள் பல்லைக் காப்பாற்றிக்கொள்ளப் பாடுபட்டாள். சந்தானாவில் மழை. அங்கே கூரை வேய்ந்த முக்கோண வீடுகளைப் பார்த்ததும், “மாட்டுக் கொட்டகையைப் பார்க்கவா இவங்க கடல் தாண்டி வர்றாங்க?” என்றார்.

அப்புறம் கிழக்கே திரும்பினோம். மஷீக்கு தாண்டியதும் வேனே ஆட ஆரம்பித்தது. சாந்தா குரூஸுக்கு மேலே, ஓடுதளம் தெரிகிற வளைவில் அபீலியோவை நிறுத்தச் சொன்னேன். அது எங்கள் பட்டியலில் இல்லாத நிறுத்தம். அவன் என் முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்தினான்.

அப்பா காலைக் கீழே வைத்ததுமே தொப்பி பறந்து சுவரைத் தாண்டிப் போய்விட்டது. கோட்டைப் பிடித்துக்கொண்டு நின்றார். அப்போது ஒரு விமானம் வந்தது. இறக்கை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் சாய, சாய, ஓடுதளத்துக்கு ஒரு ஆள் உயரம் வரை இறங்கியது. இரைச்சலோடு மேலே தூக்கிக்கொண்டு கடல் பக்கம் போனது. சுற்றி வந்தது. மறுபடி இறங்கியது, மறுபடி தூக்கியது. அப்பா சுவரைப் பிடித்துக்கொண்டார்.

நான் உன் பெயரை எடுக்கவில்லை. சத்தியத்தை மீறவில்லை. என் தொழிலைத்தான் செய்தேன். திரும்பி நின்று பயணிகளிடம், ‘எங்கள் தீவில் ஒரே நாளில் நான்கு வானிலை’ என்று இங்கிலீஷில் சொன்னேன், ஜெர்மனில் சொன்னேன். அப்புறம் முதல்முறையாக நம் பாஷையில் சொன்னேன்.

விமானம் மூன்றாவது முறை வரவில்லை. வடகிழக்கே போய்க்கொண்டிருந்தது.

“அது எங்க போகுது?” என்றார் அப்பா.

“போர்த்தோ சாந்தோவுக்குப்பா.”

“அதுக்குள்ள இருக்கிற ஆளுங்க?”

“அங்க இறக்கிவிடுவாங்க. காத்து அடங்கினாத்தான் இங்க வர முடியும்.”

 காற்றில் அவருடைய நரைமுடி எழுந்து எழுந்து படுத்தது. “காலைல நம்ம வீட்டுல இலை ஆடலை” என்றார்.

“ஆடலைப்பா.”

“அன்னிக்கும் ஆடலை.”

நான் வாயைத் திறக்கவில்லை. அம்மா இருந்திருந்தால் அதிசயப்பட்டிருப்பாள்.

வேனில் ஏறி உட்கார்ந்தார். ஃபுன்ஷால் வரும்வரை ஜன்னல் பக்கம் திரும்பியே இருந்தார். இறங்குவதற்கு முன் என் கையைப் பிடித்து, “அன்னிக்கு ஃபோனை வச்சது நான்தான். அவன் என்னமோ சொல்ல வந்தான். நான் வச்சிட்டேன்” என்றார்.  அப்புறம், “அந்தக் குழந்தைக்கு என்ன பேரு வச்சிருக்கான்?” என்று கேட்டார்.

இத்தனை நாள் அவர் கேட்டதில்லை, நானும் சொன்னதில்லை. “லியோகாதியா” என்றேன். அம்மாவின் பெயரைக் கேட்டதும் அந்த மனுஷன் எல்லார் முன்னாலும் அழுதுவிட்டார். இங்கிலீஷ்கார அம்மாள் கைக்குட்டை கொடுத்தாள்.

உன் பதிலுக்குக் காத்திருக்கும்,
அக்கா


ஃபுன்ஷால்,
15 மே 1994

அன்புத் தம்பிக்கு,

எல்லோரும் சுகம். உன்னிடமிருந்து ஒரு வரி இல்லை. உன்னை அவசரப்படுத்த இதை எழுதவில்லை. எழுதச் சொல்லி உத்தரவு, அதனால் எழுதுகிறேன்.

செவ்வாய்க்கிழமை காலையில் செர்ராடோ முனையில் நின்று, ‘அந்த வெள்ளைப் புள்ளிதான்’ என்று ஆரம்பித்தேன்.  கொடியில் இரண்டு விரிப்பு.

எனக்கு உயிரே போய்விட்டது. அப்பா விழுந்துவிட்டார் என்று நினைத்தேன். “அபீலியோ, வண்டியைக் கீழ விடு” என்றேன். “பயணிகள் அக்கா” என்றான். “அவங்களோடதான் விடு” என்றேன். எல்லோரையும் ஏற்றிக்கொண்டு அந்த வளைவுகளில் அவன் ஓட்டிய ஓட்டத்துக்கு எல்லா மொழியிலும் ஜெபம் கேட்டது.

ஓடிப் போய்ப் பார்த்தால் மனுஷன் பந்தலுக்குக் கீழே நாற்காலியில் உட்கார்ந்து அவரைக்காய் உரித்துக்கொண்டிருக்கிறார்.

“எதுக்கு இப்படி மூச்சு வாங்க ஓடி வர்றே?” என்கிறார்.

“ரெண்டு தொங்குதேப்பா.”

“அது உனக்கில்ல. அவனுக்கு.”

“அவன் ஜெர்சில இருக்கான். அவனுக்கு எப்படிப்பா தெரியும்?”

“அதான் நீ மேல நின்னு பார்க்கிறியே. எழுதிப் போடு” என்றார்.

எழுதிவிட்டேன். தினமும் காலையில் இரண்டையும் தொங்கவிடுகிறாராம். ராத்திரி பனியில் நனையாமல் எடுத்து வைக்கிறாராம். வந்த பயணிகளுக்குச் செர்ரி மது ஊற்றிக் கொடுத்தார். இனிமேல் அந்த நிறுத்தத்தையும் சேர்த்துவிடு என்று எல்லோரும் சொல்கிறார்கள்.

அக்கா


ஜெர்சி,
5 ஜூன் 1994

அன்புள்ள அக்காவுக்கு,

மூவரும் நலம். உன் ஏப்ரல் கடிதம் சட்டைப் பையிலேயே இருந்தது. தினமும் பேனாவை எடுப்பேன், வைத்துவிடுவேன். உன் மே மாதக் கடிதம் வந்த அன்று சமையலறையில் உரித்துக்கொண்டிருந்த கிழங்கை அப்படியே போட்டுவிட்டு முதலாளியிடம் போய் லீவு கேட்டேன். இரண்டு விரிப்பு தொங்குகிறது என்றேன். அவருக்கு ஒன்றும் புரியவில்லை, ஆனாலும் கொடுத்துவிட்டார்.

ஜூலை இரண்டாம் தேதி சனிக்கிழமை, மத்தியான விமானம். நாங்கள் மூவரும்.

ஒன்றே ஒன்று பயமாக இருக்கிறது, உன்னிடம்தான் சொல்ல முடியும். அன்றைக்கும் காற்று அடித்துவிட்டால்? குர்ராலில் இலை ஆடாமல் இருந்து, நாங்கள் வந்து இறங்காமல் போனால்? இன்னொரு தடவை அந்தக் குரலை என்னால் கேட்க முடியாது அக்கா.

ஃபிர்மீனோ


குர்ரால்,
19 ஜூன் 1994

மகன் ஃபிர்மீனோவுக்கு,

உங்கப்பா செஃபெரீனோ சொல்லச் சொல்ல உங்கக்கா எழுதறா. எழுத்து எனக்கு வராது. சொல்றதை மாத்தாம எழுதுன்னு சொல்லியிருக்கேன்.

நான் சுகம். பசுவும் சுகம். நீ, உன் சம்சாரம், குழந்தை எல்லாரும் சுகமா வந்து சேரணும்.

உன் கடுதாசியை உங்கக்கா படிச்சுக் காட்டினா. காட்டக் கூடாதாம், இருந்தாலும் காட்டினா. அவ வாயி உனக்குத் தெரியாதா?

காத்து அடிச்சா இறங்க அவசரப்பட வேணாம். அடிக்கிற காத்தை நான் கண்ணால பார்த்துட்டேன். என் தொப்பியே போயிடுச்சு. போர்த்தோ சாந்தோவுல இறக்கிவிட்டா அங்கேயே இரு. பிள்ளைக்குச் சாப்பாடு வாங்கிக் குடு. காத்து அடங்கட்டும், படகு வரட்டும், எத்தனை நாள் ஆனாலும் ஆகட்டும். திரும்பி மட்டும் போயிடாதே. போன தடவை உங்கம்மாவால காத்திருக்க முடியல. நான் காத்திருப்பேன்.

நீ வர்ற வரைக்கும் ரெண்டு விரிப்பும் கொடியிலயேதான் கிடக்கும். இனிமே ராத்திரியும் எடுக்கமாட்டேன். நனைஞ்சா நனையட்டும். லியோகாதியா வந்து எடுத்து மடிச்சு வைக்கட்டும்.

அப்பா